வாசலைப் பார்த்த பூட்ஸ்

ஹிர்விசூவோ, 11 அக்டோபர் 1954

இயக்குநர் அஹ்தி வெசாலா அவர்களுக்கு,

என்னை உங்களுக்குத் தெரியாது. பெயர் ஹில்யா கங்காஸ். இந்த ஊரிலும் பக்கத்து இரண்டு ஊர்களிலும் பன்றி அறுப்பது நான்தான். பெண்பிள்ளைக்கு இது ஒரு வேலையா என்று கேட்கிறவர்கள் எல்லாம் கிறிஸ்துமஸ் நெருங்கினால் வாயை மூடிக்கொண்டு என் வாசலில் வந்து நிற்பார்கள்.

நேற்று எங்கள் இளைஞர் சங்கக் கூடத்தில் உங்கள் 'ஏரிக்கரைக் காவல்' ஓடியது. உங்கள் பழைய படங்களையும் பார்த்திருக்கிறேன். ஆற்றில் மரக்கட்டை ஓட்டுகிறவர்கள் தண்ணீரில் விழுந்து எழுந்து பண்ணைக்காரர் மகளைக் கட்டிக்கொள்கிற படங்கள். வயிறு வலிக்கச் சிரித்திருக்கிறேன். இதில் சிரிக்க ஒன்றும் இல்லை. போர்முனையிலிருந்து ஓடிப்போன ஒருவனைப் பிடித்துக் களஞ்சியச் சுவரோரம் நிறுத்துகிறார்கள். எதிரில் ஐந்து துப்பாக்கிகள். "பூட்ஸக் கழட்டு, வேற ஆளுக்கு ஆகும்" என்கிறார் கேப்டன். அவன் கழற்றுகிறான். கழற்றியபடி போடாமல், ஒவ்வொன்றாகத் திருப்பி, மூக்கு பாதையைப் பார்க்க ஜோடியாக வைக்கிறான். பிறகு இடது பூட்ஸின் நாக்கை இழுத்து வெளியே மடித்து விடுகிறான். அதற்கப்புறம்தான் நிமிர்கிறான்.

நான் எழுந்துவிட்டேன். அந்த இடத்தை மறுபடி போடு என்று படம் ஓட்டுகிறவனிடம் கேட்டேன். "உக்காரு ஹில்யா, மத்தவங்களும் படம் பாக்கத்தான் வந்திருக்காங்க" என்றான். படச்சுருள் வைக்கும் தகர டப்பாவின் மூடியால் அவன் மூஞ்சியில் அடித்தேன். மூக்கு உடைந்தது. இரண்டு பேர் என்னைத் தூக்கிக்கொண்டு போய் வெளியே சேற்றில் போட்டார்கள். அதற்கு நான் வருத்தப்படவில்லை.

என் கேள்வி ஒன்றுதான். அந்தப் பூட்ஸைத் திருப்பி வைப்பதை எங்கே பார்த்தீர்கள்?

ஹில்யா கங்காஸ்


ஹெல்சிங்கி, 20 அக்டோபர் 1954

மதிப்பிற்குரிய ஹில்யா அவர்களுக்கு,

உங்கள் கடிதம் கிடைத்தது. ஒரு படம் ஒரு ரசிகையை இந்த அளவுக்கு உலுக்கும் என்றால் எடுத்தவனுக்கு அதைவிட வேறென்ன வேண்டும். படம் ஓட்டியவரின் மூக்கு சீக்கிரம் ஆறட்டும்.

நீங்கள் சொல்வது சரிதான். எட்டு வருடமாகக் கட்டை ஓட்டுகிறவர்களை வைத்துத்தான் பிழைத்தேன். ஆறு படங்கள், ஆறிலும் ஒரே ஆறு, ஒரே பண்ணைக்காரர் மகள். விமர்சகர்கள் என் பெயரைப் பார்த்தாலே கொட்டாவி விட்டார்கள். ஏழாவது இந்தப் படம். இப்போது அதே ஆட்கள் எழுந்து நின்று கை கொடுக்கிறார்கள். சென்ற மாதம் சிறந்த இயக்குநருக்கான பரிசுச் சிலை கிடைத்தது. வசந்த காலத்தில் படம் வெளிநாட்டு விழா ஒன்றுக்குப் போகிறது. இந்த நாட்டு ஆள் ஒருவனுக்கு இது லேசில் கிடைக்காது.

பூட்ஸ் விஷயம் கற்பனைதான். சாகப்போகிறவன் கடைசியில் ஏதாவது சின்ன வேலை செய்ய வேண்டும் என்று தோன்றியது. உண்மையில் எனக்கு அதைவிடப் பெருமை அவன் விழுகிற விழுகைதான். நம் படங்களில் யாரும் அப்படிச் செத்ததில்லை என்று எழுதியிருக்கிறார்கள். பதினான்கு தடவை விழ வைத்தேன். நடிகருக்கு முழங்கால் சில்லில் விரிசல் விழுந்தது. பதினைந்தாவது தடவைக்கு மறுத்துவிட்டு என்னைக் கெட்ட வார்த்தையில் திட்டினார்.

கையெழுத்திட்ட என் படம் ஒன்றை இத்துடன் வைத்திருக்கிறேன்.

அன்புடன்,
அஹ்தி வெசாலா


ஹிர்விசூவோ, 26 அக்டோபர் 1954

வெசாலா,

மரியாதை போதும். இனிமேல் நீ என்றே எழுதப்போகிறேன். உன் படத்தை அடுப்பில் போட்டேன். நன்றாக எரிந்தது.

கற்பனை என்று சொன்னாய். கேட்டுக்கொள். எனக்கு ஏழு வயதாக இருக்கும்போது ஒரு பிப்ரவரியில் எங்கள் வீடு எரிந்தது. வெளியே அப்படி ஒரு குளிர், ஈர விரல் இரும்பில் பட்டால் தோல் உரிந்து வரும். அப்பா, அம்மாவையும் என்னையும் தம்பி தனெலியையும் வெளியே தள்ளிவிட்டு, எனக்கு மூத்த பிள்ளைகள் இரண்டு பேரைக் கொண்டுவர உள்ளே போனார். அவர்கள் புகையில் பூட்ஸ் தேடிக்கொண்டு நின்றிருந்தார்கள். கூரை இறங்கிவிட்டது. அப்பா மட்டும் வெளியே வந்தார், அதுவும் வெறுங்காலோடு. இரண்டு கால்களின் விரல்களையும் பிறகு வெட்டி எடுத்தார்கள். அன்றிலிருந்து எங்கள் வீட்டில் பூட்ஸ் வாசலைப் பார்த்துத்தான் இருக்கும், கால் சட்டென்று நுழைய இடது பூட்ஸின் நாக்கு வெளியே மடிந்திருக்கும். மறந்தால் அப்பா அடிப்பார். இந்த ஊரில் வேறு எந்த வீட்டிலும் இந்தப் பழக்கம் இல்லை.

தனெலி 1944 ஜூனில் காணாமல் போனான். செத்தவர்களையெல்லாம் பெட்டியில் வைத்து ஊருக்கே அனுப்பினார்கள். இந்த ஊரிலிருந்து போன நாற்பத்தொரு பேர் தேவாலயத்து முன்னால் ஒரே மாதிரிக் கல்லுக்கு அடியில் படுத்திருக்கிறார்கள். நாற்பத்திரண்டாவது ஆள் மட்டும் வரவில்லை. "காணவில்லை" என்று ஒரு தாள் வந்தது. அம்மா பத்து வருடமாக மேசையில் அவனுக்கும் ஒரு கிண்ணம் வைக்கிறாள். அதை எடு என்று நான் ஒருமுறை சொன்னேன். வெந்நீரை என் கைமேல் ஊற்றிவிட்டாள்.

இன்னொன்று. நீ பெருமைப்பட்டுக்கொள்கிற அந்த விழுகை. என் கையால் நானூறு பன்றி செத்திருக்கும், குதிரை ஆறோ ஏழோ. எதிரிலிருந்து நெஞ்சில் ஐந்து குண்டு பாய்ந்தால் ஆள் பின்னால் சுவரில் மோதிச் சரிவான். உன் ஆள் நின்ற இடத்திலேயே முழங்கால் மடங்கி நேராகக் கீழே உட்கார்ந்து, பிறகு முகம் குப்புறப் போகிறான். காதுக்குப் பின்னால் அடித்த உடம்புதான் அப்படி விழும். எனக்கு அது தெரியும். உனக்கு எப்படித் தெரியும்?

பதில் வராவிட்டால் ரயில் ஏறி வருவேன். அப்பாவின் இடுப்புக் கத்தி என்னிடம்தான் இருக்கிறது.

ஹில்யா


ஹெல்சிங்கி, 7 நவம்பர் 1954

ஹில்யா அவர்களுக்கு,

பத்து நாளாக இந்தத் தாளை எழுதிக் கிழிக்கிறேன்.

நான் அங்கே இருந்தேன். போரில் படம் பிடிக்கும் பிரிவில் வேலை. பெரும்பின்வாங்கலின்போது ஒரு படைப்பிரிவோடு ஒட்டிக்கொண்டேன். இரண்டு நாள் பீரங்கி விடாமல் அடித்ததில் மரம் எது ஆள் எது என்று தெரியாமல் போயிற்று. என் பக்கத்தில் ஓடியவனின் கை மட்டும் என் பையில் மாட்டிக்கொண்டு வந்தது. அந்தக் குழப்பத்தில் உங்கள் தம்பி போர்முனையை விட்டுப் போய்விட்டார். மறுநாள் ஏரிக்கரையில் ஒரு பழைய சவுனாக் குடிசைக்குள், நீராவியில் வியர்க்க உட்காரும் பலகைமேல் தூங்கிக்கொண்டிருந்தார். அங்கேயே பிடித்தார்கள். அன்றைக்குச் சண்டையில் நிற்க மறுக்கிறவனைச் சுடலாம் என்று உத்தரவு. கேப்டன் பத்து நிமிடம்கூடப் பேசவில்லை.

ஐந்து பேர் வரிசையில் நின்று சுட்டார்கள். நான் இடது பக்கம் கேமராவோடு நின்றேன். அவர் துப்பாக்கிகளை நேராகப் பார்த்துக்கொண்டே இறந்தார். வலி இருந்திருக்காது. பூட்ஸைத் திருப்பி வைத்ததைப் படம் பிடித்தேன். அந்தச் சுருளைப் பிறகு நானே எரித்துவிட்டேன். கேப்டன் "காணவில்லை" என்று எழுதியது வீட்டாருக்குச் செய்த உதவி என்றுதான் நினைத்தேன். ஜூலையில் அவரும் செத்தார்.

புதைத்த இடம் போருக்குப் பின் வந்த புது எல்லைக்கு இந்தப் பக்கம்தான் இருக்கிறது. பின்னால் வரைபடம் போட்டிருக்கிறேன். சவுனா எரிந்துவிட்டது, அதன் கல் அடுப்பு மட்டும் நிற்கும். அடுப்பிலிருந்து ஏரியைப் பார்த்து இருபது காலடி. அங்கே இரட்டை பிர்ச் மரம்.

ஒன்றே ஒன்று கேட்கிறேன். இதை வெளியே சொல்லாதீர்கள். இந்தப் படம் என் வாழ்நாளில் நான் செய்த ஒரே உருப்படியான வேலை. அதை அவருக்காகத்தான் எடுத்தேன்.

அஹ்தி வெசாலா


ஹிர்விசூவோ, 23 நவம்பர் 1954

வெசாலா,

பனியில் நிலம் இறுகுவதற்குள் போய்விட்டோம். பக்கத்து வீட்டு வில்ஹோவின் லாரியில் நானும் அவனும். பெட்ரோலுக்குக்கூட அவன் காசு வாங்கவில்லை, நல்ல மனிதன். உன் வரைபடம் சரியாக இருந்தது. உன் கணக்குத் தப்பாகாது போலிருக்கிறது, பொய் மட்டும்தான் நடுவில் கலக்கிறாய்.

முழங்கை ஆழத்தில் கிடைத்தான். நாயைப் புதைத்தால்கூட இன்னும் கொஞ்சம் தோண்டுவார்கள். சின்ன வயதில் குதிரை உதைத்து வளைந்த கீழ்த்தாடை, அதை நான் எங்கேயும் அடையாளம் காண்பேன். வில்ஹோ லாரியிலிருந்து சாக்கை எடுத்து வந்தான். நான் எலும்பு எலும்பாக எடுத்துத் துடைத்து மாவுச் சாக்கில் அடுக்கினேன். எனக்கு எலும்பைப் படிக்கத் தெரியும் என்பதை நீ மறந்துவிட்டாய்.

நெஞ்சு எலும்பில் ஒரு கீறல் இல்லை. விலா பன்னிரண்டு ஜோடியும் முழுசு. ஐந்து பேர் சுட்டார்கள் என்றாயே, ஐந்து பேரும் குருடர்களா? இடது காதுக்குப் பின்னால் ஒரே ஓட்டை, சுண்டு விரல் நுழையும். குண்டு மேல் தாடையில் சிக்கியிருந்தது. கைத்துப்பாக்கிக் குண்டு. வில்ஹோ போரில் இருந்தவன், பார்த்த உடனே சொல்லிவிட்டான். அந்தப் படைப்பிரிவில் கைத்துப்பாக்கி யாரிடம் இருக்கும் என்று கேட்டேன். "கேப்டன்ட்ட. அப்புறம் துப்பாக்கி தூக்க முடியாத ஆளுங்ககிட்ட. டாக்டரு, படம் புடிக்கிறவன்" என்றான்.

இடது காதுக்குப் பின்னால் சுடுகிறவன் இடது கைக்காரன். நீ அனுப்பிய படத்தை எரித்தேன் என்றேனே, எரிப்பதற்கு முன் பார்த்தேன். மேசையில் உட்கார்ந்து எழுதிக்கொண்டிருந்தாய். பேனா எந்தக் கையில் இருந்தது என்று நானே சொல்லட்டுமா, நீ சொல்கிறாயா?

கால் எலும்பு இரண்டும் வெறுங்காலாகக் கிடந்தது. எங்கே அந்தப் பூட்ஸ்? அது அப்பா தைத்துக் கொடுத்தது. போருக்குப் போகும்போது அவன் போட்டுக்கொண்டு போனது.

ஹில்யா


ஹெல்சிங்கி, 30 நவம்பர் 1954

ஹில்யா,

நான்தான்.

ஐந்து பேரை நிறுத்தினார்கள், அது உண்மை. சுடு என்றதும் ஐந்து பேரும் துப்பாக்கியை ஈரப் புல்லில் வைத்துவிட்டார்கள். ஒருவன் அழுதான். கேப்டன் அவனைக் கைத்துப்பாக்கியின் பின்பக்கத்தால் வாயில் அடித்தார், பல் தெறித்தது. அப்போதும் யாரும் குனிந்து துப்பாக்கியை எடுக்கவில்லை. அதன் பிறகு கேப்டன் என்னைப் பார்த்தார். நான் ஒருவன்தான் கேமராவுக்குப் பின்னால் வேலையில்லாமல் நிற்கிறவன் மாதிரி தெரிந்திருப்பேன்.

"ஏய் படக்காரா, உங்கிட்ட ஒண்ணு தொங்குதே, அது சும்மா அழகுக்கா? நீ சுடு. இல்லன்னா அவன் பக்கத்துல போய் நில்லு."

நான் போய் நிற்கவில்லை. இதைத்தான் பத்து வருடமாக எழுத முடியவில்லை.

நான் அவருக்குப் பின்னால் வந்தபோது அவர் பூட்ஸை அடுக்கி முடித்திருந்தார். என் கால் தவறி அதில் இடித்துவிட்டது, ஒன்று சாய்ந்தது. அவர் திரும்பிப் பார்த்து, "அண்ணே, அத நேரா வச்சிரு. மூக்கு வழியப் பாத்து இருக்கணும். எங்க வீட்ல அப்பிடித்தான்" என்றார். நான் குனிந்து சரியாக வைத்தேன். அவர் சரி என்று தலையாட்டிவிட்டு ஏரியைப் பார்த்துத் திரும்பிக்கொண்டார். அதன் பிறகு சுட்டேன். என் கேமரா முக்காலியில் தானாக ஓடிக்கொண்டிருந்தது. அவர் விழுந்தது அதில் பதிந்தது. ஊருக்கு வந்து அந்தச் சுருளைக் கழுவிப் பார்த்தேன். நூறு தடவை பார்த்திருப்பேன். பிறகுதான் எரித்தேன்.

எரித்தும் போகவில்லை. என் ஏழு படங்களையும் எடுத்துப் பாருங்கள். முதல் படத்தில் குடிகாரன் ஒருவன் வாத்துக் கூட்டத்துக்கு நடுவில் விழுவான், நாடே சிரித்தது. மூன்றாவதில் கட்டை ஓட்டுகிறவன் சண்டையில் விழுவான். ஐந்தாவதில் மணமகன் மயங்கி விழுவான். எல்லாரும் அதே மாதிரி முழங்கால் மடங்கித்தான் விழுகிறார்கள். நான்தான் சொல்லிக் கொடுத்தேன். என் தொழில் முழுவதும் அந்த ஒரு விழுகைதான், ஹில்யா. கடைசியில் அதற்குப் பரிசும் வாங்கிவிட்டேன்.

பூட்ஸ் என்னிடம் இருக்கிறது. என்னுடையது சேற்றில் பிய்ந்துவிட்டது, கேப்டன் அதை என்னிடம் வீசினார். அதைப் போட்டுக்கொண்டுதான் நான் உயிரோடு நடந்து வந்தேன். படத்தில் நீங்கள் பார்த்தது அதே ஜோடிதான். வேறு எந்தப் பூட்ஸும் கேமரா முன் சரியாக நிற்கவில்லை.

குண்டு உங்களிடம் இருக்கிறது. பத்திரிகைக்குக் கொடுங்கள், போலீசுக்குக் கொடுங்கள். மறுக்க மாட்டேன்.

அஹ்தி


ஹிர்விசூவோ, 5 டிசம்பர் 1954

உன் கடிதத்தை முற்றத்தில் நின்றே படித்தேன். பிறகு உள்ளே போய்ப் பன்றிக்குத் தீனி வைத்தேன். துப்பாக்கியைக் கீழே வைத்த அந்த ஐந்து பேர் யார் என்று தெரிந்திருந்தால் ஆளுக்கு ஒரு பன்றித் தொடை அனுப்பியிருப்பேன்.

பன்னிரண்டாம் தேதி, ஞாயிற்றுக்கிழமை அடக்கம். மண்டை ஓட்டின் ஓட்டையைப் பார்த்துவிட்டு, ஓடினவனுக்கு வீரர்கள் வரிசையில் இடம் கிடையாது என்று பாதிரியார் சொன்னார். அவருடைய கழுத்துப் பட்டையைப் பிடித்துவிட்டேன், வில்ஹோ வந்து விலக்கினான். வரிசையில் இல்லை, வரிசையின் ஓரத்தில் என்று பேசி முடித்திருக்கிறோம். பெட்டி தூக்க ஆறு பேர் வேண்டும். தைரியமாக வருகிறேன் என்றவர்கள் ஐந்து பேர்தான்.

ஆறாவது நீ. பூட்ஸைக் கொண்டு வா. படத்திலிருந்து அந்தப் பூட்ஸை வெட்டி எறிந்துவிட்டு வா, ஒவ்வொரு பிரதியிலும். அது எங்கள் வீட்டுப் பொருள். நீ எந்த வாசல் வழியாகத் திரும்பிப் போவாய் என்பதை அன்றைக்குச் சொல்கிறேன்.

ஹில்யா


ஹெல்சிங்கி, 8 டிசம்பர் 1954

வருகிறேன். சனிக்கிழமை பேருந்தில். படத்தின் மூலச் சுருளை, நெகடிவை, நானே வெட்டினேன், நேற்று. வெளியே போன பிரதிகளையும் வரவழைத்து வெட்டச் சொல்லிவிட்டேன். தயாரிப்பாளர் எனக்குப் பைத்தியம் என்று கத்தினார், என் மேசையைக் கவிழ்த்தார்.

அஹ்தி


ஹிர்விசூவோ, 20 பிப்ரவரி 1955

வெசாலா,

உன் உதட்டுத் தையலைப் பிரித்தாயிற்றா? உன் பல் இரண்டும் அறுப்புக் கொட்டகையில் கிடந்தது, கூட்டும்போது கிடைத்தது. பேருந்திலிருந்து இறங்கினவனை நேராகக் கொட்டகைக்கு அழைத்துப் போய் அடித்தேன் என்பதற்காக நான் வெட்கப்படவில்லை. நீ கையை ஒருமுறைகூட உயர்த்தவில்லை, அதுதான் எனக்கு இன்னும் ஆத்திரமாக இருக்கிறது. கத்தியை உன் இடது காதுக்குப் பின்னால் வைத்தபோது ஏரி எந்தப் பக்கம் இருக்கிறது என்று கேட்டாய். அப்போது செய்திருக்க வேண்டும். செய்திருப்பேன். அம்மா வீட்டிலிருந்து கூப்பிட்டுவிட்டாள், காபி ஆறுகிறது என்று.

அதற்கப்புறம் நடந்ததை நீயும் பார்த்தாய், இருந்தாலும் எழுதுகிறேன். வாயில் துணியை அழுத்திக்கொண்டு நீ வாசலில் குனிந்து உன் பூட்ஸைக் கழற்றினாய். அதன் பக்கத்தில் அவனுடைய ஜோடியை வைத்தாய். யாரும் சொல்லாமலே இரண்டு ஜோடியையும் வாசலைப் பார்த்துத் திருப்பினாய். நாக்கை மடித்தாய். அம்மா மேசையை விட்டு எழுந்து வந்து, தரையில் உட்கார்ந்து, இடது பூட்ஸுக்குள் கையை விட்டாள்.

"இதெல்லாம் உனக்கு யாருப்பா சொல்லிக் குடுத்தா?"

"உங்க பையன்தாம்மா."

அவ்வளவுதான். அவள் உன்னை அவனுடைய சிநேகிதன் என்று முடிவு செய்துவிட்டாள். கடைசி வரை கூட இருந்தவன், பூட்ஸைப் பத்து வருடம் பத்திரமாக வைத்திருந்து கொண்டுவந்தவன். மேசைக்கு வந்து உட்கார்ந்ததும் நீ உண்மையைச் சொல்ல வாயைத் திறந்தாய். மேசைக்கு அடியில் உன் பாதத்தை மிதித்தது நான்தான், விரல் ஏதாவது முறிந்திருந்தால் நல்லது. அவள் அந்தக் கிண்ணத்தை எடுத்து, பத்து வருடத்தில் முதல் தடவையாக, அதில் சூப் ஊற்றினாள். உன் முன்னால் வைத்தாள். நீ குடித்தாய். அதை நான் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்க வேண்டியிருந்தது.

மறுநாள் பெட்டிக்கு உன் தோளைக் கொடுத்தாய். பூட்ஸை உள்ளேயே வைத்துவிட்டோம்.

போன வாரம் பக்கத்து ஊரில் உன் படம் ஓடியது. போய்ப் பார்த்தேன். வெட்டியிருக்கிறாய். கேப்டன் பூட்ஸைக் கழற்று என்கிறார், அடுத்த நொடி அவன் வெறுங்காலோடு நிற்கிறான். எதற்கென்று புரியாமல் நாலைந்து பேர் சிரித்தார்கள். வெளிநாட்டு விழாக்காரர்கள் படத்தைத் திருப்பி அனுப்பிவிட்டார்கள் என்று பத்திரிகையில் வந்ததாக வில்ஹோ சொன்னான். இனி படமே எடுக்கப்போவதில்லை என்றும் நீ சொன்னாயாம். அது உன் பாடு.

என் பாட்டைச் சொல்கிறேன். அம்மா உன் கடிதத்துக்காகத் தபால்காரனைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாள். மாதம் ஒன்று நீ எழுத வேண்டும். தனெலி என்ன சாப்பிட்டான், எதற்குச் சிரித்தான், தூக்கத்தில் என்ன உளறினான். உனக்குக் கதை கட்டத் தெரியும். அவனோடு நீ இருந்தது கால் மணி நேரம். அதை வைத்துக்கொண்டு அவள் சாகும் வரைக்கும் எழுது. ஒரு மாதம் தவறினாலும் குண்டு பத்திரிகைக்குப் போகும். அவள் உயிரோடு இருக்கும் வரை உன்மேல் கை வைக்க மாட்டேன், அவளை இன்னொரு பிள்ளையையும் இழக்க விட மாட்டேன். அவளை அடக்கம் செய்த மறுநாள் நான் ரயில் ஏறுவேன்.

அம்மாவுக்கு எழுபத்தாறு வயது. இந்த வாரம் இருமல் ஆரம்பித்திருக்கிறது.

ஹில்யா